வடக்கு வானத்து நட்சத்திரங்களும் அவற்றின் பெயர்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வடக்குப் பார்த்து நின்று அண்ணாந்து பார்க்கிற யாருக்கும் வருகிற கேள்விகளை இங்கே ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன். பதில்களில் பெயர்களுக்கு அதிக இடம் கொடுத்திருக்கிறேன். நட்சத்திரப் பெயர்களில் பாதிக்கு மேல் உண்மையில் முகவரிகள். "வால்", "கால்", "பின்னால் வருவது" என்றுதான் அவற்றுக்குப் பொருள். பொருள் தெரிந்துவிட்டால் அந்த நட்சத்திரம் எங்கே இருக்கும் என்பதும் பாதி தெரிந்துவிடும். வெறும் பெயர்ப் பட்டியலை மனப்பாடம் செய்து பல வருடம் வானத்தில் தடுமாறிய பிறகே எனக்கு இது விளங்கியது.

துருவ நட்சத்திரம்தான் வானத்திலேயே பிரகாசமானதா?

இல்லை. பிரகாசமான நட்சத்திரங்களை வரிசையாக எழுதினால் துருவ நட்சத்திரம் ஐம்பதாவது இடத்தை ஒட்டித்தான் வரும். பெரிய விளக்கு ஒன்றை எதிர்பார்த்துத் தேடுபவர்கள் அதைப் பார்த்த பிறகும் "இதுவா?" என்று சந்தேகப்படுவது அதனால்தான்.

அதன் பெருமை அது இருக்கும் இடத்தில் இருக்கிறது. பூமியின் சுழல் அச்சை வடக்கே நீட்டிக்கொண்டே போனால் வானத்தில் ஒரு புள்ளியைத் தொடும். அதுவே வான வடதுருவம். துருவ நட்சத்திரம் அந்தப் புள்ளிக்கு அரை டிகிரிக்குச் சற்று அதிகமான தொலைவில் இருக்கிறது, அதாவது முழு நிலவின் அகலத்தைவிடக் கொஞ்சம் கூடுதல். அதனால் இரவெல்லாம் மற்றவை சுற்ற, இது மட்டும் நின்ற இடத்திலேயே நிற்பதுபோல் தெரிகிறது. கேமராவை முக்காலியில் நிறுத்தி ஒரு மணி நேரம் படம் எடுத்தால் இதுவும் மிகச் சின்னதாய் ஒரு வளைவு போட்டிருப்பது தெரியும்.

இன்னொரு பயனும் உண்டு. துருவ நட்சத்திரம் தொடுவானத்திலிருந்து எத்தனை டிகிரி உயரத்தில் தெரிகிறதோ, ஏறக்குறைய அதுவே நீங்கள் நிற்கும் இடத்தின் அட்சரேகை. வடதுருவத்தில் நிற்பவருக்கு அது தலைக்கு நேர் மேலே. நிலநடுக்கோட்டில் நிற்பவருக்குத் தொடுவானத்தை உரசிக்கொண்டு இருக்கும். அதற்கும் தெற்கே போனால் மறைந்துவிடும்.

அதைக் கண்டுபிடிக்க எளிய வழி என்ன?

சப்தரிஷி மண்டலத்தின் ஏழு நட்சத்திரங்களில் நான்கு ஒரு பெட்டி போலவும், மூன்று அதற்குக் கைப்பிடி போலவும் இருக்கும். கைப்பிடிக்கு எதிர்ப்பக்கத்தில், பெட்டியின் ஓரத்தில் இருக்கும் இரண்டு நட்சத்திரங்களை எடுத்துக்கொள்ளுங்கள். அடியில் இருப்பது புலகர் (மெராக்), வாய்ப்பக்கம் இருப்பது கிரது (துபே). புலகரிலிருந்து கிரதுவுக்கு ஒரு கோடு போட்டு, அதே திசையில் அந்த இடைவெளியைப்போல் ஐந்து மடங்கு தள்ளிப் போங்கள். அங்கே தனியாக நிற்பதுதான் துருவ நட்சத்திரம்.

ஐந்து மடங்கை வானத்தில் அளப்பது எப்படி என்று கேட்டால், கையே அளவுகோல். கையை நன்றாக நீட்டிப் பிடித்தால் சுண்டுவிரலின் அகலம் சுமார் 1 டிகிரி, நடு மூன்று விரல்களும் சேர்ந்து சுமார் 5, மடக்கிய முஷ்டி சுமார் 10. புலகருக்கும் கிரதுவுக்கும் நடுவே மூன்று விரல் இடைவெளி. கிரதுவிலிருந்து துருவத்துக்கு மூன்று முஷ்டிக்குக் கொஞ்சம் குறைவு. குழந்தையின் கை சின்னது, ஆனால் நீளமும் குறைவு என்பதால் கணக்கு பெரும்பாலும் சரியாகவே வரும்.

சப்தரிஷி மண்டலம் தெரியாத மாதங்களில்?

ஏப்ரல், மே மாதங்களில் முன்னிரவில் சப்தரிஷி மண்டலம் உயரத்தில் இருக்கும். நவம்பர், டிசம்பரில் அது துருவத்துக்குக் கீழே போய்விடும். தாழ்ந்த அட்சரேகைகளில் தொடுவானத்துக்குக் கீழேயே இறங்கிவிடும். அப்போது துருவத்துக்கு மறுபக்கம் காசியோப்பியா ஏறி வந்திருக்கும். ஐந்து நட்சத்திரங்கள் கொண்ட நெளிகோடு அது. துருவத்துக்கு மேலே இருக்கும்போது ஆங்கில எம் எழுத்தாகவும், கீழே இருக்கும்போது டபிள்யூ எழுத்தாகவும் தெரியும். அதன் நடு முனை ஏறக்குறைய துருவ நட்சத்திரத்தைக் காட்டும். தூரம் இங்கேயும் மூன்று முஷ்டிதான்.

1572 நவம்பரில் இந்தக் காசியோப்பியாவில், அதுவரை ஒன்றும் இல்லாத இடத்தில், பகலிலும் தெரியும் அளவுக்கு ஒரு நட்சத்திரம் தோன்றியது. டென்மார்க்கின் டைகோ பிராஹே அதை இரவுக்கிரவு அளந்து, அது நிலாவைவிட வெகுதூரத்தில் இருக்கிறது என்று காட்டினார். விண்ணுலகம் மாறாதது என்ற பழைய நம்பிக்கை ஆட்டம் கண்டது அப்போதுதான். உண்மையில் அது ஒரு நட்சத்திரம் வெடித்துச் சிதறியதன் ஒளி.

சப்தரிஷி மண்டலமும் பெருங்கரடியும் ஒன்றா?

ஒன்றுக்குள் மற்றொன்று. பெருங்கரடி என்பது மிகப் பெரிய பரப்பு. வானத்தின் 88 விண்மீன் குழுக்களில் பரப்பளவில் மூன்றாவது. சப்தரிஷிகள் அந்தக் கரடியின் பின்னுடலும் வாலும் மட்டும். தலையும் கால்களும் மங்கலான நட்சத்திரங்களால் ஆனவை, நல்ல இருட்டில்தான் தெரியும்.

ஏழு பேரையும் பெட்டியின் ஓரத்திலிருந்து கைப்பிடி நுனி வரை இப்படிச் சொல்லலாம்: கிரது (துபே), புலகர் (மெராக்), புலத்தியர் (ஃபெக்டா), அத்திரி (மெக்ரெஸ்), அங்கிரசர் (அலியோத்), வசிட்டர் (மிசார்), மரீசி (அல்கெய்த்). அடைப்புக்குள் இருக்கும் பெயர்கள் அரபியிலிருந்து வந்தவை. துபே என்றால் கரடி. ஃபெக்டா தொடை. மெக்ரெஸ் வாலின் அடி. பெட்டியும் கைப்பிடியும் சேரும் இடத்தில், ஏழிலும் மங்கலாக இருப்பதைப் பார்த்தால் அதுதான்.

அல்கெய்த் மட்டும் வேறு கதையிலிருந்து வந்தது. பழைய அரபுகள் இங்கே கரடியைப் பார்க்கவில்லை. பெட்டியின் நான்கு நட்சத்திரங்கள் அவர்களுக்கு ஒரு பாடை. கைப்பிடியின் மூன்று, அதன்பின் அழுதுகொண்டு நடக்கும் மகள்கள். அந்த மகள்களின் தலைவி என்ற நீண்ட பெயரில் "தலைவர்" என்ற சொல் மட்டும் மிஞ்சி அல்கெய்த் ஆயிற்று. கிரேக்கக் கரடியின் வால் நுனியில் இன்றும் ஒரு சவ ஊர்வலத்தின் பெயர் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

மற்றவர்கள் பார்த்தது வேறு. சீனர்களுக்கு அது வடக்கு அகப்பை, பிரிட்டனில் கலப்பை, ஐரோப்பாவின் பல பகுதிகளில் வண்டி. கரடிக்கு இவ்வளவு நீள வால் ஏது என்ற கேள்விக்கு வட அமெரிக்கப் பழங்குடிகள் சிலரிடம் நல்ல பதில் இருந்தது: நான்கு நட்சத்திரங்கள்தான் கரடி, பின்னால் வரும் மூன்றும் அதைத் துரத்தும் வேடர்கள். சங்கப் பாடலில் கரடியும் இல்லை, ரிஷிகளும் இல்லை. அங்கே அது "எழுமீன்", ஏழு மீன், அவ்வளவுதான். எனக்குப் பிடித்த பெயர் அது. கண்ணுக்குத் தெரிவதை மட்டும் சொல்கிறது.

இந்த ஏழில் கிரதுவும் மரீசியும் தவிர மற்ற ஐந்தும் உண்மையிலேயே உறவுக்காரர்கள். ஒரே மேகத்தில் பிறந்து, சுமார் 80 ஒளியாண்டு (ஒளி ஓராண்டில் போகும் தூரம் ஓர் ஒளியாண்டு) தொலைவில், ஒரே திசையில் நகர்ந்துகொண்டிருக்கிறார்கள். இரண்டு முனைகளில் இருப்பவர்கள் வேறு பக்கம் போவதால், பல பத்தாயிரம் ஆண்டுகளில் பெட்டியும் கைப்பிடியும் உருமாறிவிடும்.

அருந்ததி எங்கே? ஏன் எனக்குத் தெரியவில்லை?

கைப்பிடியின் நடுவில் இருக்கும் வசிட்டரைப் பாருங்கள். அதை ஒட்டி, முழு நிலவின் அகலத்தில் பாதிகூட இல்லாத இடைவெளியில், ஒரு மங்கலான புள்ளி இருக்கும். அதுதான் அருந்ததி. சங்கப் பாடல்கள் "வடமீன்" என்பது இதைத்தான். அரபுகள் இதை "சுஹா" என்றார்கள். கவனிக்கப்படாமல் விடப்பட்டது என்று பொருள். கண்பார்வையைச் சோதிக்கவும் அவர்கள் இதைத்தான் காட்டினார்கள்.

தெரியவில்லை என்றால் பெரும்பாலும் காரணம் கண் அல்ல, அவசரம். வெளிச்சமான இடத்திலிருந்து வந்த கண்ணுக்கு இருட்டு பழக இருபது நிமிடமாவது வேண்டும். நடுவில் ஒருமுறை கைப்பேசியைப் பார்த்தால் திரும்ப முதலிலிருந்து. பிறகு, பார்வையை வசிட்டர் மேல் நேராகக் குத்தி நிறுத்தாதீர்கள். சற்றுப் பக்கத்தில் பார்த்தால் மங்கலான ஒளி நன்றாகத் தெரியும், ஏனெனில் இருளில் வேலை செய்யும் செல்கள் விழித்திரையின் மையத்தில் இல்லை, சுற்றிலும்தான் இருக்கின்றன. நான் முதல்முறை அருந்ததியைப் பார்த்தது இப்படித்தான். தேடிச் சலித்து அங்கிரசர் பக்கம் கண்ணைத் திருப்பிய கணத்தில், ஓரப் பார்வையில் வசிட்டர் இரண்டாகத் தெரிந்தது.

கதை அங்கே முடியவில்லை. 1617-இல் பெனடெட்டோ காஸ்டெல்லி தொலைநோக்கி வழியே பார்த்தபோது வசிட்டரே இரண்டு நட்சத்திரங்களாகப் பிரிந்தது. தொலைநோக்கியால் காணப்பட்ட முதல் இரட்டைகளில் ஒன்று. 1889-இல் அந்த இரண்டில் ஒன்றின் நிறமாலைக் கோடுகள் (ஒளியை நிறம் நிறமாகப் பிரித்தால் தெரியும் கோடுகள்) சில நாட்களில் இரட்டையாகவும் சில நாட்களில் ஒற்றையாகவும் தெரிவதை அமெரிக்க வானியலாளர் எட்வர்ட் பிக்கரிங் அறிவித்தார். எந்தத் தொலைநோக்கியாலும் அன்று பிரிக்க முடியாத ஒரு ஜோடி அதற்குள் சுற்றிக்கொண்டிருந்தது. பின்னர் மற்றதும் ஜோடி என்று தெரிந்தது. 2009-இல் அருந்ததிக்கும் ஒரு மங்கலான துணை கிடைத்தது. வெறுங்கண்ணுக்கு இரண்டாகத் தெரிவது ஆறு நட்சத்திரங்கள்.

இத்தனை நட்சத்திரங்களுக்கு ஏன் அரபுப் பெயர்?

கி.பி. 150 வாக்கில் அலெக்சாந்திரியாவில் தாலமி 48 விண்மீன் குழுக்களையும், ஆயிரத்துச் சொச்சம் நட்சத்திரங்களையும் பட்டியலிட்டார். அவர் பெரும்பாலும் தனிப்பெயர் தரவில்லை. "பறவையின் வாலில் இருப்பது", "சிங்கத்தின் வால் நுனியில் இருப்பது" என்று இடம் சொல்லி எழுதினார். அந்தக் கிரேக்க நூல் அரபிக்குப் போனது. 964 வாக்கில் பாரசீக வானியலாளர் அல்-சூஃபி அதை வானத்தோடு ஒப்பிட்டுத் திருத்தி, படங்களோடு எழுதினார். பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஸ்பெயினின் டொலேடோவில் அரபியிலிருந்து லத்தீனுக்கு மொழிபெயர்த்தவர்கள் இடத்தைக் குறித்த சொற்றொடர்களில் ஒரு துண்டை மட்டும் பெயராக வைத்துக்கொண்டார்கள்.

அதனால்தான் அன்னத்தின் (சிக்னஸ்) பிரகாசமான நட்சத்திரம் டெனெப், வெறுமனே "வால்". சிங்கத்தின் கடைசியில் இருப்பது டெனெபோலா, "சிங்கத்தின் வால்", நம் உத்திரம். ஓரியன் என்ற வேட்டைக்காரன் குழுவின் ரைஜெல் "கால்". ரோகிணியின் மறுபெயர் அல்டெபரான், "பின்னால் வருவது". கார்த்திகைக் கூட்டம் உதித்த பிறகு அதன் பின்னாலேயே உதிக்கிறது. வேகாவும் அல்டேரும் ஜோடிப் பெயர்கள்: சிறகை மடக்கி இறங்கும் கழுகு, சிறகு விரித்துப் பறக்கும் கழுகு. அல்டேருக்கு இரு பக்கமும் ஒவ்வொரு நட்சத்திரம் இருந்து விரித்த சிறகுபோல் தெரிவதைப் பார்த்தால் பெயர் புரியும். அந்த மூன்றும் சேர்ந்ததுதான் திருவோணம்.

முகவரி தவறிப்போனதும் உண்டு. திருவாதிரையின் பெட்டல்ஜூஸ் என்ற பெயர் "யத் அல்-ஜௌஸா" என்ற அரபிலிருந்து வந்தது. ஜௌஸா என்ற உருவத்தின் கை என்று பொருள். அரபியில் சொல்லின் தொடக்கத்தில் யகரத்துக்குக் கீழே இரண்டு புள்ளி, பகரத்துக்கு ஒரே புள்ளி. எங்கோ ஒரு படியெடுப்பில் ஒரு புள்ளி காணாமல் போயிற்று. "ய" "ப" ஆனது. உலகமே பெட்டல்ஜூஸ் என்கிறது.

நாம் சொல்லும் இருபத்தேழு நட்சத்திரங்களும் வானத்தில் உண்மையாகவே இருக்கின்றனவா?

இருக்கின்றன, பலவற்றை இன்று இரவே பார்க்கலாம். நிலா வானத்தை ஒருமுறை சுற்ற 27.3 நாள் ஆகிறது. நாளுக்கு ஒன்றாக அது தங்கும் இடங்களுக்கு அடையாளம் வைத்ததுதான் இந்தப் பட்டியல். நட்சத்திரம் என்றாலும் பல இடங்களில் அது ஒரு கூட்டம்.

கார்த்திகை என்பது சின்ன அகப்பை போன்ற நெருக்கமான கூட்டம். சங்கத் தமிழில் அறுமீன், கிரேக்கர்களுக்கு ஏழு சகோதரிகள், ஜப்பானியர்களுக்கு சுபாரு. நல்ல கண்ணுக்கு ஆறு தெரியும். தொலைநோக்கியில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை இருப்பது தெரிந்திருக்கிறது. புனர்பூசம் இரட்டையர்களான காஸ்டரும் பொல்லக்சும். மகம் சிங்கத்தின் நெஞ்சில் இருக்கும் ரெகுலஸ், லத்தீனில் "குட்டி அரசன்". பூரட்டாதியும் உத்திரட்டாதியும் சேர்ந்தால் பெகாசஸ் (சிறகுள்ள குதிரை) குழுவின் சதுரம் முழுதாகிவிடும்: மேற்குப் பக்கத்து இரண்டு முன்னது, கிழக்குப் பக்கத்து இரண்டு பின்னது.

ஒன்றைக் கவனித்திருக்கிறீர்களா? கார்த்திகை, ரோகிணி, மகம், சித்திரை ஆகியவற்றின் மேலேயே நிலா சில சமயம் போய் அவற்றை மறைக்கும். ஆனால் சுவாதிக்குப் பக்கத்தில் அது வருவதே இல்லை. எப்போதும் இரண்டரை முஷ்டியாவது தள்ளித்தான் கடக்கும். திருவோணமும் அப்படியே. நிலாப் பாதையில் அந்த இடங்களில் எடுப்பான நட்சத்திரம் இல்லாததால், வடக்கே இருந்த பிரகாசமான ஒன்றை அடையாளமாக எடுத்துக்கொண்டார்கள் என்பதே எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. சில பழைய பட்டியல்களில் இருபத்தெட்டாவதாக வரும் அபிஜித், வடக்கே இன்னும் தள்ளியிருக்கும் வேகா.

சுவாதியை எப்படிக் கண்டுபிடிப்பது?

சப்தரிஷி மண்டலத்தின் கைப்பிடி வளைந்திருக்கிறது அல்லவா, அந்த வளைவை அப்படியே நீட்டுங்கள். மூன்று முஷ்டி தூரத்தில் ஆரஞ்சு நிறத்தில் நிற்பது சுவாதி, வான நடுக்கோட்டுக்கு (நிலநடுக்கோட்டுக்கு நேர் மேலே வானத்தில் போட்ட கோடு) வடக்கே உள்ளவற்றில் மிகப் பிரகாசமானது. வளைவை இன்னும் நீட்டினால் நீலவெண்மையாகச் சித்திரை. ஒன்றை அடுத்து ஒன்றைப் பாருங்கள். நட்சத்திரங்களுக்கு நிறம் உண்டு என்பதற்கு இதைவிட நல்ல சான்று இல்லை. சூரியனின் மேற்பரப்பைவிடக் குளிர்ந்தது சுவாதி, அதனால் ஆரஞ்சு. சித்திரை பல மடங்கு வெப்பமானது.

சுவாதியின் ஆர்க்டுரஸ் என்ற பெயர் கிரேக்கம்: கரடிக் காவலன். கரடியின் வாலைப் பிடித்துக்கொண்டே இதை அடைந்தோம் என்பதால் பெயர் மறக்காது. ஆர்க்டிக் என்ற சொல்லும் அதே கரடியிலிருந்து வந்ததே. 1933-இல் சிகாகோ உலகக் கண்காட்சியின் விளக்குகளைச் சுவாதியின் ஒளியை ஒளிமின்கலத்தில் விழவைத்துத்தான் ஏற்றினார்கள். 40 ஆண்டுக்கு முன் அதே நகரில் முந்தைய கண்காட்சி நடந்தபோது புறப்பட்ட ஒளி இது என்று நினைத்தார்கள். இப்போது அளந்த தூரம் சுமார் 37 ஒளியாண்டு.

விண்மீன் குழுக்கள் மொத்தம் எத்தனை? யார் முடிவு செய்தது?

88. சர்வதேச வானியல் ஒன்றியம் 1922-இல் பட்டியலை ஏற்றது. யூஜின் டெல்போர்ட் வரைந்த எல்லைக் கோடுகள் 1930-இல் வெளியாயின. அதிலிருந்து விண்மீன் குழு என்பது உருவம் மட்டுமல்ல, நிலத்தில் மாவட்டம்போல வானத்தில் எல்லை போட்ட ஒரு பகுதி.

எல்லை போட்டபோது ஒரு நட்சத்திரத்தின் முகவரியே மாறிப்போனது. பெகாசஸ் சதுரத்தின் வடகிழக்கு மூலையில் இருப்பது ஆல்ஃபெராட்ஸ். அரபியில் "குதிரையின் தொப்புள்" என்ற சொற்றொடரில் குதிரை மட்டும் மிஞ்சிய பெயர் அது. முன்பு குதிரைக்கும் பக்கத்திலுள்ள ஆண்ட்ரோமெடாவுக்கும் பொதுவாக இருந்தது. 1930-க்குப் பிறகு முழுக்க ஆண்ட்ரோமெடாவின் தலை. பெயரில் குதிரை, இருப்பது பெண்ணின் தலையில்.

ஒரே குழுவில் உள்ள நட்சத்திரங்கள் அருகருகே இருக்கின்றனவா?

பெரும்பாலும் இல்லை. அன்னத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். அதன் வாலில் இருக்கும் டெனெப் ஆயிரம் ஒளியாண்டுக்கும் வெகு அப்பால் இருந்தும் பிரகாசமாகத் தெரிகிறது. அதே அன்னத்தில் 61 சிக்னி என்ற மங்கலான நட்சத்திரம் வெறும் 11.4 ஒளியாண்டில் இருக்கிறது. பூமி சூரியனைச் சுற்றும்போது இது பின்னணியில் நூலிழை அளவு இடம் மாறுவதை அளந்து, 1838-இல் ஃபிரீட்ரிக் பெஸ்ஸல் அதன் தூரத்தைச் சொன்னார். ஒரு நட்சத்திரத்தின் தூரம் நம்பத்தக்க முறையில் வெளியானது அதுவே முதல்முறை.

ஆல்ஃபா, பீட்டா, எண் என்று சொல்கிறார்களே?

1603-இல் யோகான் பேயர் ஒவ்வொரு குழுவிலும் கிரேக்க எழுத்தால் குறித்தார். பொதுவாகப் பிரகாசமானதற்கு ஆல்ஃபா. விதிவிலக்கு உண்டு: பெருங்கரடியில் பெட்டியிலிருந்து கைப்பிடி நோக்கி வரிசையாக எழுத்து வைத்துவிட்டார். 61 சிக்னி போன்ற எண்கள் ஜான் ஃபிளாம்ஸ்டீடின் பட்டியலிலிருந்து வந்தவை.

துருவ நட்சத்திரம் என்றைக்கும் இதுவேதானா?

இல்லை. சுழலும் பம்பரம் தலையாட்டுவதுபோல் பூமியின் அச்சும் மெதுவாக வட்டமிடுகிறது. ஒரு சுற்றுக்கு ஏறக்குறைய 26,000 ஆண்டு. கி.மு. 2700-ஐ ஒட்டி, எகிப்தியப் பிரமிடுகளின் காலத்தில், துருவத்துக்கு அருகே இருந்தது டிராகோ குழுவின் துபான். இப்போதைய துருவ நட்சத்திரம் இன்னும் நெருங்கிக்கொண்டிருக்கிறது. 2100 வாக்கில் மிக அருகே வந்து பிறகு விலகத் தொடங்கும். சுமார் 12,000 ஆண்டு கழித்து வேகாவின் முறை. அது துருவத்துக்கு இவ்வளவு நெருக்கமாக வராது, ஆனால் பிரகாசத்தில் ஈடு இருக்காது.

இந்தத் தலையாட்டத்தைக் கண்டுபிடித்தவர் கி.மு. இரண்டாம் நூற்றாண்டின் கிரேக்க வானியலாளர் ஹிப்பார்கஸ். தனக்கு ஒன்றரை நூற்றாண்டு முன் இருந்தவர்கள் சித்திரை நட்சத்திரத்துக்கு எழுதிவைத்த இடத்தைத் தன் அளவோடு ஒப்பிட்டார். சுமார் 2 டிகிரி வித்தியாசம். முன்னவர்களின் அளவில் பிழை என்று தள்ளாமல் வானமே நகர்ந்திருக்கிறது என்று நினைத்தாரே, அது எனக்கு இன்றும் வியப்பு.

நேற்று பார்த்த நட்சத்திரம் இன்று அதே நேரத்தில் சற்று மேற்கே இருக்கிறதே?

பூமி தன்னைத்தானே ஒருமுறை சுற்ற 23 மணி 56 நிமிடம்தான். அதனால் நட்சத்திரங்கள் தினமும் 4 நிமிடம் முன்னதாக உதிக்கும், மாதத்துக்கு 2 மணி நேரம்.

ஆல்கால் என்பதைப் பேய் நட்சத்திரம் என்கிறார்களே, ஏன்?

பெர்சியஸ் குழுவில், கிரேக்கக் கதையின் அரக்கி மெடூசாவின் வெட்டிய தலையாக வரைந்த இடத்தில் இருப்பது ஆல்கால். அரபியில் "பேயின் தலை". இந்தப் பேய் கண்ணை மூடித் திறக்கும். 2 நாள் 20 மணி 49 நிமிடத்துக்கு ஒருமுறை, ஐந்து மணி நேரத்தில் மங்கி, அடுத்த ஐந்து மணி நேரத்தில் பழைய நிலைக்கு வந்துவிடும்.

யார்க் நகரில் இருந்த ஜான் குட்ரிக், காது கேளாத இளைஞர், பதினெட்டு வயதில் இதை இரவுக்கிரவு கவனித்துக் கணக்கிட்டார். 1783-இல், இருண்ட பெரிய உடல் ஒன்று குறுக்கே வந்து மறைக்கிறதோ என்று எழுதினார். ஒரு நூற்றாண்டுக்குப் பிறகு அது சரி என்று நிரூபணமானது: இரண்டு நட்சத்திரங்கள் ஒன்றையொன்று சுற்றுகின்றன, மங்கலானது பிரகாசமானதை மறைக்கிறது. அடுத்த ஆண்டே அவர் சீபியஸ் குழுவின் டெல்டா நட்சத்திரம் 5 நாளுக்குச் சற்று மேல் சீராகக் கூடிக் குறைவதையும் கண்டார். 21 வயதில் இறந்துபோனார்.

நீங்களே பார்க்க வேண்டுமானால் ஆல்காலைப் பக்கத்திலுள்ள ஆல்மாக்கோடு ஒப்பிடுங்கள். சாதாரண நாட்களில் இரண்டும் ஒரே பிரகாசம். ஒருநாள் ஆல்மாக் எடுப்பாகவும் ஆல்கால் சோர்ந்தும் தெரிந்தால், மறைப்பு நடந்துகொண்டிருக்கிறது.

சுவாலோசின், ரோட்டனெவ் என்பவை எந்த மொழிப் பெயர்கள்?

எந்த மொழியும் இல்லை. அவிட்டம் என்று நாம் சொல்லும் டெல்ஃபினஸ் குழுவின் இரண்டு நட்சத்திரங்கள் அவை. 1814-இல் இத்தாலியின் பலெர்மோ வானாய்வகம் வெளியிட்ட நட்சத்திரப் பட்டியலில் முதன்முதலாக வந்தன, விளக்கம் இல்லை. பல பத்தாண்டுகள் கழித்தே ஒருவர் அவற்றைத் தலைகீழாகப் படித்துப் பார்த்தார்: நிக்கோலாவுஸ் வெனாட்டோர். அந்த ஆய்வகத்தின் உதவியாளர் நிக்கோலோ காச்சியாத்தோரேயின் பெயரின் லத்தீன் வடிவம் அது. பெயர்கள் நிலைத்துவிட்டன.

பணம் கொடுத்து ஒரு நட்சத்திரத்துக்கு நம் பெயரை வைக்க முடியுமா?

முடியாது. விற்பவர்கள் தருவது ஒரு காகிதம். வானியலாளர்கள் யாரும் அந்தப் பெயரைப் பயன்படுத்துவதில்லை. சர்வதேச வானியல் ஒன்றியம் பெயர்களை விற்பதில்லை. 2016 முதல் அதன் குழு ஒன்று பழைய பெயர்களைத் தேடி, எழுத்தையும் இடத்தையும் உறுதிசெய்து பட்டியலிடுகிறது. பரணி, ரேவதி ஆகிய இரண்டும் அந்த அதிகாரப்பூர்வப் பட்டியலில் இருக்கின்றன.

எத்தனை நட்சத்திரங்களை வெறுங்கண்ணால் பார்க்கலாம்?

வானம் முழுவதும் சேர்த்துச் சுமார் 9,000. ஒரு சமயத்தில் பாதி வானம்தான் தெரியும், அதிலும் தொடுவானத்தை ஒட்டியவை மங்கிவிடும். மிக இருண்ட இடத்தில் மூவாயிரம் வரை எதிர்பார்க்கலாம். நகர வெளிச்சத்தில் சில டஜன்தான், ஆனால் சப்தரிஷி, சுவாதி, வேகா, ரோகிணி அங்கேயும் தெரியும்.

வெறுங்கண்ணால் எட்டக்கூடிய மிகத் தொலைவான பொருள் எது?

ஆண்ட்ரோமெடா விண்மீன் மண்டலம், சுமார் 25 லட்சம் ஒளியாண்டு. நட்சத்திரமல்ல, கோடிக்கணக்கான நட்சத்திரங்களின் ஒளி சேர்ந்து மங்கலாகத் தெரிகிற ஒரு திட்டு. அல்-சூஃபி தன் நூலில் இதை "சிறு மேகம்" என்று குறித்தார். அது நம் பால்வீதிக்குள் இருக்கிறதா, வெளியிலா என்ற சண்டை இருபதாம் நூற்றாண்டு வரை நீடித்தது. குட்ரிக் கண்ட டெல்டா சீபியஸ் வகை நட்சத்திரங்களில், துடிப்பு எவ்வளவு மெதுவோ அவ்வளவு ஒளி அதிகம் என்று ஹென்றியெட்டா லீவிட் 1912-இல் நிறுவியிருந்தார். 1923-இல் எட்வின் ஹபிள் அதே வகை நட்சத்திரம் ஒன்றை அந்த மேகத்துக்குள் கண்டார். துடிப்பை அளந்தார், உண்மை ஒளி தெரிந்தது, தூரமும் தெரிந்தது. மேகம் பால்வீதிக்கு வெகு வெளியே இருந்தது.

நவம்பர் மாத முன்னிரவில், நிலா இல்லாத நாளில் போய் நில்லுங்கள். குதிரையின் தொப்புளில், அதாவது ஆல்ஃபெராட்சில் தொடங்குங்கள். அங்கிருந்து வடகிழக்கே வரிசையில் இரண்டாவது பிரகாசமான நட்சத்திரம் மிராக். அங்கே நின்று, காசியோப்பியா பக்கம் திரும்பி, மங்கலான இரண்டு நட்சத்திரங்களைப் படிபோல் ஏறுங்கள். இரண்டாவது படியில் நின்று கண்ணைச் சற்றே பக்கவாட்டில் வையுங்கள், அருந்ததிக்குச் செய்ததுபோல. விரலால் தேய்த்த சுண்ணாம்புக் கறைபோல ஒன்று தெரியும்.